பழைய படச்சுருளோடு மல்லுக்கட்டும் மகன்: ஓர் அம்மாவுக்குப் பதில்

திருகோணமலை உப்புவெளியிலிருந்து வந்து பேசிய அம்மாவுக்கு,

அன்று நேரம் போதவில்லை, மீதியை எழுதுகிறேன். உயர்தரம் எழுதிவிட்டு மகன் பழைய வீடியோ கசெற்றுகளைச் சேர்த்துக்கொண்டு இருக்கிறார், இதெல்லாம் ஒரு தொழிலா என்று கேட்டீர்கள். தொழில்தான் அம்மா. எனக்கு மிகவும் பிடித்த தொழிலும்கூட.

படச்சுருள் சும்மா வைத்திருந்தாலே அழியும். 1950களின் தொடக்கம் வரை புழங்கிய நைட்ரேட் சுருள் சட்டென்று தீப்பிடிக்கும். அசிற்றேற் சுருள் சூட்டிலும் ஈரத்திலும் சிதைந்து வினாகிரி மணம் வீசும், பிறகு சுருங்கி வளையும். 1983 யூலைக் கலவரத்தில் கொழும்புக்கு அருகே ஹெந்தளையில் இருந்த விஜயா சினிமா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டபோது அங்கிருந்த நெகற்றிவ்களும் போயின. அதை நினைத்தால் இன்றைக்கும் மனம் ஆறாது. நம் கடற்கரை ஊரில் அலுமாரிக்குள் இருக்கும் கல்யாணக் கசெற்றுக்கும் பூஞ்சணம் பிடிக்கிறது. அப்படிப்பட்ட கசெற்றைத் துப்புரவாக்காமல் டெக்கில் போட்டால் நாடாவைப் படிக்கும் ஹெட் கெடும், அடுத்துப் போடும் நல்ல கசெற்றுக்கும் தொற்றும். மகனிடம் இதை இன்றைக்கே சொல்லுங்கள்.

காப்பாற்றிய காட்சியைப் புதுப் படத்தில் சேர்ப்பதும் தனி வேலை. 1942 ஏப்ரல் 9இல் ஜப்பானிய விமானங்கள் திருகோணமலையில் குண்டு போட்டதைப் பற்றி ஒருவர் ஆவணப்படம் எடுக்கிறார் என்று வையுங்கள். துறைமுகம் தெரியும் பழைய துண்டு ஒன்று கிடைக்கிறது. அது எந்த ஆண்டு? நம் துறைமுகம்தானா? உரிமை யாருக்கு? காப்பகங்கள் பெரும்பாலும் விநாடிக் கணக்கிலோ நிமிடக் கணக்கிலோ கட்டணம் கேட்கும், எந்த நாட்டில், எத்தனை வருடத்துக்கு என்றும் கேட்கும். கோணேசர் மலையின் சாய்வைப் பார்த்தே இடத்தைச் சொல்லக்கூடிய ஒரு பிள்ளை அங்கே எவ்வளவு உதவி! ஊரும் தமிழும் தெரிந்திருப்பது மகனின் பெரிய மூலதனம்.

சரி, சம்பளம். இந்த வேலைக்கென்றே நிரந்தரப் பதவிகள் நம் நாட்டில் குறைவு, அதை மறைக்க மாட்டேன். அதனால் பட்டம் ஒன்று கட்டாயம் வேண்டும். கிழக்குப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்தில் தொடர்பாடல் படிக்கலாம், வீட்டோடு இருக்கலாம். களனிப் பல்கலைக்கழகத்தில் நூலகவியல் இருக்கிறது. பல்கலைக்கழக அனுமதிக்குப் பார்க்கும் இசட் புள்ளி இடம் கொடுத்தால் நான் நூலகவியலைத்தான் சொல்வேன், ஏனென்றால் தேடி எடுக்க முடியாத காட்சி இருந்தும் இல்லாததுதான். எடிட்டிங்கைப் பக்கத்தில் பழகலாம். தொலைக்காட்சி நிலையம், காப்பகம், ஆவணப்படக்காரர் என்று பல கதவுகளைத் தட்ட இந்த இரண்டும் உதவும். 2005 முதல் ஈழத்துத் தமிழ் ஆவணங்களைச் சேர்த்துவரும் நூலகம் நிறுவனத்தின் வேலையையும் பார்க்கட்டும். பெரிய காசு கட்டும் குறுகிய கோர்ஸ் எதிலும் இப்போது சேர்க்க வேண்டாம்.

இப்போதைக்கு ஒரு வேலை கொடுங்கள். பூஞ்சணம் இல்லாத பத்துக் கசெற்றைப் பிரதி எடுத்து, ஒவ்வொன்றிலும் யார், எங்கே, எந்த வருடம் என்று பாட்டி, மாமாவிடம் கேட்டு ஒரு கொப்பியில் எழுதட்டும். பிரதியை இரண்டு இடத்தில் வைக்கட்டும். பத்தும் முடிந்ததும் கொப்பியோடு என்னிடம் அனுப்புங்கள்.