சேற்றில் கட்டியது குற்றமா?

கேள்வி: வெனிஸ் நகரத்தைச் சேற்றில் மரக்கட்டைகளை நட்டுக் கட்டினார்களாம். இப்போது மூழ்கிக்கொண்டிருக்கிறதாம். பக்கத்திலேயே உறுதியான தரை இருக்கும்போது காயலுக்குள் போய்க் கட்டியவர்களின் முட்டாள்தனத்துக்கு, இன்றைய தலைமுறை எதற்குக் கோடிகோடியாகக் கொட்டி அழ வேண்டும்? அங்கே இருப்பது வெறும் அலங்காரம்தானே?
– ஒரு வாசகர், காரைக்குடி

பதில்: அந்த உறுதியான தரையில்தான் எதிரி இருந்தான். 568-ல் லொம்பார்டியர்கள் என்ற ஜெர்மானிய இனத்தார் வட இத்தாலிக்குள் இறங்கியபோது, கரையோர ஊர்க்காரர்கள் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு காயல் தீவுகளுக்குப் போனார்கள். அந்தக் காயலின் சராசரி ஆழம் ஒரு மீட்டர்தான். ஆனால் எது கால்வாய், எது சேற்றுத்திட்டு என்று தெரியாதவனால் அதைக் கடக்க முடியாது. 810 வாக்கில் பிராங்கியப் பேரரசர் சார்லமேனின் மகன் பெபின் படையோடு வந்து, பிடிக்க முடியாமல் திரும்பினான். அதையொட்டித்தான் ஆட்சிபீடம் கடலோர மலமோக்கோவிலிருந்து காயலின் நடுவே இருந்த ரியால்டோவுக்கு மாறியது. நாம் வெனிஸ் என்று சொல்லும் நகரம் அங்கிருந்து வளர்ந்தது. மதில் சுவர் இல்லாமலே, 1797-ல் நெப்போலியனிடம் பணியும்வரை, அந்த நகரம் அந்நியப் படையிடம் விழவில்லை. இப்படி ஒரு இடத்தைத் தேர்ந்தவர்களை முட்டாள்கள் என்று நீங்கள் எழுதியது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

மரக்கட்டைகளை நீங்கள் ஒரு வரியில் தாண்டிவிட்டீர்கள். அங்கேதான் நின்று பார்க்க வேண்டும். லார்ச், ஓக், ஆல்டர் மரங்களை மலைக்காடுகளில் வெட்டி, பியாவே ஆற்றில் தெப்பமாக மிதக்கவிட்டுக் கொண்டுவந்தார்கள். அவற்றை முளைகளாகச் சீவி, வெளி விளிம்பிலிருந்து உள்நோக்கி நெருக்கமாக அடித்தார்கள். அடிப்பவர்கள் தாளம் பிசகாமல் இருக்கப் பாடிக்கொண்டே அடிப்பார்கள். பல முளைகள் மூன்று மீட்டர் நீளம்கூட இல்லை. கீழே பாறையைத் தேடிப் போகும் இன்றைய பைல் வேலை அல்ல இது. நெருக்கி அடித்த முளைகள் சேற்றையே இறுக்கிக் கெட்டியாக்கின. மேலே பலகை, பலகைக்கு மேல் கல், கல்லுக்கு மேல் செங்கல். சேற்றுக்குள் காற்று போகாததால் மரம் சீக்கிரம் அழுகுவதில்லை. மரம் கல்லாக மாறிவிட்டது என்று சிலர் பரப்புவது உண்மையல்ல. நுண்ணுயிரிகள் அதை மெல்ல அரிக்கத்தான் செய்கின்றன. மரமும் நீரும் சேறும் ஒன்றையொன்று தாங்கிக்கொண்டு நிற்கின்றன, அவ்வளவுதான்.

ரியால்டோ பாலத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முன்பு அங்கே மரப்பாலம் இருந்தது. 1444-ல் ஊர்வலம் பார்க்க வந்த கூட்டத்தின் பாரம் தாங்காமல் விழுந்தது. 1524-ல் மறுபடியும் விழுந்தது. 1588-ல் அன்டோனியோ தா போன்தே சுமார் 28 மீட்டர் அகலத்துக்கு ஒரே கல் வளைவைத் தொடங்கியபோது, இது நிற்காது என்று சொன்னவர்கள் உண்டு. இரு கரைகளிலும் சேர்த்துச் சுமார் 12,000 முளைகளை அடித்தார். வளைவு பக்கவாட்டில் தள்ளும் விசையை நேராக வாங்கிக்கொள்ள, கரையில் கற்களைச் சாய்வாக அடுக்கினார். 1591-ல் பாலம் முடிந்தது. இன்றும் அதன்மேல்தான் மக்கள் நடக்கிறார்கள்.

அலங்காரம் என்கிறீர்கள். சரி, அதையும் பார்ப்போம். நம் வீட்டுச் சுவரில் ஓதம் ஏறி உப்புப் பூப்பதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். வெனிஸில் ஓதத்தோடு கடல் உப்பும் சேர்ந்து ஏறும். அதனால் நீர் படும் உயரம் வரை இஸ்திரியக் கல்லை வைத்தார்கள். தண்ணீரை உறிஞ்சாத, வெளிர் நிறச் சுண்ணாம்புக் கல் அது. படங்களில் வீடுகளின் கீழ்விளிம்பில் தெரியும் வெள்ளைப் பட்டை அதுதான். வீட்டின் பாரத்தைப் பெரும்பாலும் கால்வாய்க்குச் செங்குத்தாக உள்ளே ஓடும் சுவர்கள் சுமக்கின்றன. முகப்புக்குப் பாரம் குறைவு. ஆகவேதான் நடுக்கூடத்துக்கு நேராக வரிசை வரிசையாகச் சன்னல்களைத் திறக்க முடிந்தது. 15-ஆம் நூற்றாண்டின் கா தோரோ மாளிகையின் முகப்பு கல்லில் சரிகை பின்னியதுபோல் இருப்பதற்கு அதுவும் ஒரு காரணம். அங்கே கனம் என்பது ஆபத்து. சான் மார்கோ தேவாலயம்கூட உள்ளே செங்கல்தான், பளிங்கு மேலே போர்த்திய பலகைகள். 1063-ல் தொடங்கிய கட்டடம் அது. 1204-ல் கான்ஸ்டான்டிநோபிளைக் கொள்ளையடித்துக் கொண்டுவந்த தூண்களும் பளிங்கும் வெண்கலக் குதிரைகளும் அதில் ஏறின. அது கொள்ளைதான். அதை நான் மறைக்கப் போவதில்லை, நியாயப்படுத்தவும் மாட்டேன்.

குடிநீருக்கும் கட்டடக் கலைதான். சுற்றிலும் உப்புநீர். ஒவ்வொரு சதுக்கத்தையும் தோண்டி, களிமண் பூசி, மணல் நிரப்பி, நடுவில் செங்கல் கிணறு எழுப்பினார்கள். மழைநீர் மணலில் வடிந்து கிணற்றுக்கு வந்தது. 1884-ல் குழாய்த் தண்ணீர் வரும்வரை ஊர் பெரும்பாலும் குடித்தது இதைத்தான்.

நிலம் தாழ்வது அவர்களுக்கும் தெரியும். வெனிஸ் குடியரசின் தலைவரான தோஜேயின் அரண்மனையில் கீழ்வரிசைத் தூண்கள் குட்டையாகத் தெரிகின்றன அல்லவா? தளத்தை உயர்த்தியதில் அடிப்பீடம் மறைந்துவிட்டது. ஆற்று வண்டல் காயலைத் தூர்த்துவிடும் என்று 1501-ல் நீர்நிலைகளுக்கென்றே தனி அதிகார அமைப்பை வைத்து, பிரெந்தா, பியாவே போன்ற ஆறுகளின் போக்கையே மாற்றினார்கள். குடியரசு தளர்ந்துபோன கடைசிக் காலத்தில்கூட, 1744 முதல் 1782 வரை, கடலைத் தடுக்கப் பெரிய கல்சுவர்களைக் கட்டினார்கள்.

அப்புறம் யார் தவறு என்று கேட்பீர்கள். எதிர்க்கரையில் 1917-லிருந்து வளர்ந்த மார்கேரா தொழிற்பேட்டைக்காக, முக்கியமாக 1950-க்கும் 1970-க்கும் இடையில், நிலத்தடி நீரைக் கணக்கில்லாமல் உறிஞ்சினார்கள். நகரம் தாழ்ந்தது. எண்ணெய்க் கப்பல்களுக்காக 1960-களில் காயலின் குறுக்கே ஆழமான கால்வாய் வெட்டினார்கள். 20-ஆம் நூற்றாண்டு முடிவதற்குள் கடல்மட்டத்தோடு ஒப்பிட்டால் நகரம் சுமார் 23 சென்டிமீட்டர் கீழே போயிருந்தது. ஏறத்தாழப் பாதி நிலம் தாழ்ந்ததால், பாதி கடல் உயர்ந்ததால். ஆழ்துளைகளை மூடியதும் தாழ்வது பெருமளவு குறைந்தது. ஆனால் போன உயரம் போனதுதான். இன்று தண்ணீர் இஸ்திரியக் கல்லைத் தாண்டிச் செங்கல்லைத் தொடுகிறது. 1897-ல் வகுத்த கடல்மட்ட அளவுக்கு மேல், 1966 நவம்பர் 4-ல் 194 சென்டிமீட்டர், 2019 நவம்பர் 12-ல் 187 சென்டிமீட்டர் என்று வெள்ளம் ஏறியது. இந்தச் சென்டிமீட்டர்களைச் சேற்றில் முளை அடித்தவன் தலையில் கட்டாதீர்கள்.

பணத்தைப் பற்றிய உங்கள் கோபத்தில் ஒரு பகுதி எனக்கும் உண்டு. மோசே எனப்படும் கடல்வெள்ளத் தடுப்பு, மூன்று முகத்துவாரங்களில் 78 இரும்புக் கதவுகள். 500 கோடி யூரோவுக்கு மேல் விழுங்கியது. 2014-ல் லஞ்ச வழக்கில் மேயர் உட்படப் பலர் கைதானார்கள். திருடியவர்கள்மேல் கோபப்படுங்கள், நானும் சேர்ந்துகொள்கிறேன். ஆனால் 2020 அக்டோபர் 3-ல் அந்தக் கதவுகள் முதல் தடவை நிஜ வெள்ளத்துக்கு எழுந்தபோது சான் மார்கோ சதுக்கத்தில் வெள்ளம் ஏறவில்லை. அந்தச் செலவு வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன்.

எனக்கு அதைவிடக் கவலை வேறு. 1951-ல் அந்தத் தீவு நகரத்தில் சுமார் 1,75,000 பேர் வாழ்ந்தார்கள். இப்போது 50,000-க்கும் குறைவு. வீடுகள் விடுதிகளாகின்றன. குடியிருப்பவன்தான் செங்கல்லில் உப்பு ஏறுவதைக் கண்டு கொத்தனாரைக் கூப்பிடுவான். நான்கு நாள் வாடகைக்கு வருபவன் கூப்பிடமாட்டான். கதவுகளுக்குச் செலவழித்ததில் ஒரு பங்கையாவது, குடும்பங்கள் அங்கேயே தங்கிப் பழைய வீடுகளைப் பழுதுபார்க்கத் தர வேண்டும் என்பேன். எப்போதாவது போக வாய்த்தால், குவெரினி ஸ்தம்பாலியா மாளிகையின் தரைத்தளத்தைப் பாருங்கள். 1960-களின் தொடக்கத்தில் கட்டடக் கலைஞர் கார்லோ ஸ்கார்ப்பா அதைத் திருத்தியபோது, உயரும் நீரை வாசலுக்குள் வரவிட்டு, அது தொடாத உயரத்தில் நடைபாதையை அமைத்தார்.