அண்ணன் கோவையில், நான் கோத்தகிரியில்: ஒருவர் வாங்கிய டிஜிட்டல் கேமை இருவரும் ஆட முடியுமா?

நீங்கள் கேட்டது இது: உங்களிடமும் அண்ணனிடமும் சோனியின் கேம் கன்சோலான பிஎஸ்5 (பிளேஸ்டேஷன் 5) ஆளுக்கொன்று இருக்கிறது, இரண்டிலும் டிஸ்க் டிரைவ் கிடையாது. ஒரே கேமுக்கு இரண்டு முறை காசு கொடுக்காமல் இருவரும் ஆட வழி உண்டா? டெலிகிராமில் பாதி விலைக்கு விற்கிற ஐடியை, அதாவது கேம் வாங்கி வைத்த பிளேஸ்டேஷன் கணக்கை, வாங்கலாமா?

முதல் கேள்விக்குப் பதில், தாராளமாக உண்டு. ஒரே நேரத்தில் ஒரே கேமை இரண்டு வீட்டிலும் ஆடலாம். ஆனால் ஒரு முடிவைச் சரியாக எடுக்க வேண்டும்: பகிர்வு வசதியை எந்தக் கன்சோலில் போடுவது? காசு கொடுத்தவர் யாரோ அவருடைய கன்சோலில்தான் அது இருக்க வேண்டும் என்று நிறையப் பேர் நினைக்கிறார்கள். நம் மலைக்கு அது சரிப்படாது. எந்த வீட்டில் நெட் அடிக்கடி போகிறதோ அந்த வீட்டில் போடுங்கள். உங்கள் விஷயத்தில் அது கோத்தகிரி.

ஏன் என்று சொல்கிறேன். டிஜிட்டலாக வாங்கும் கேம் கன்சோலோடு சேர்ந்ததல்ல, வாங்கிய ஐடியோடு சேர்ந்தது. அந்த ஐடியில் லாகின் செய்து எந்த பிஎஸ்5-இலும் ஆடலாம், ஆனால் ஆடுவதற்கு உரிமை இருக்கிறதா என்று கன்சோல் சர்வரிடம் கேட்கும். அதற்கு நெட் வேண்டும். இது போக, ஒவ்வொரு ஐடிக்கும் ஒரே ஒரு பிஎஸ்5-இல் மட்டும் ‘கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் ப்ளே’ என்ற வசதியை ஆன் செய்து வைக்கலாம். ஆன் செய்த கன்சோலில் இரண்டு நன்மை. அதில் லாகின் செய்கிற எல்லோரும், தங்கள் சொந்த ஐடியிலேயே, அந்தக் கேம்களை ஆடலாம். நெட் இல்லாவிட்டாலும் ஆடலாம். பிஎஸ்4 காலத்தில் இதையே பிரைமரி கன்சோல் என்றார்கள், இப்போதும் பேச்சில் பலர் அப்படித்தான் சொல்கிறார்கள்.

ஆக, அண்ணன் ஐடியில் கேம் வாங்குகிறீர்கள். அந்த ஐடியை உங்கள் கோத்தகிரி கன்சோலில் ஒரு முறை லாகின் செய்து, செட்டிங்ஸில் யூசர்ஸ் அண்ட் அக்கவுண்ட்ஸ், அதற்குள் அதர் என்று போய் இந்த வசதியை ஆன் செய்கிறீர்கள். அப்புறம் உங்கள் ஐடிக்கு மாறி ஆடுகிறீர்கள். உங்கள் சேவ், உங்கள் டிராஃபி எல்லாம் உங்கள் பெயரிலேயே இருக்கும். அண்ணன் கோவையில் தன் ஐடியில் நெட்டோடு ஆடுவார். கோவையில் ஃபைபர் ஒழுங்காக வரும் என்பதால் அவருக்கு இதில் பெரிய நஷ்டமில்லை.

நான் குன்னூரில் இருக்கிறேன். அக்கா வீடு கட்டபெட்டு தாண்டி, தேயிலைத் தோட்டங்களுக்கு நடுவே. எனக்கும் அக்கா மகனுக்கும் இதே ஏற்பாடுதான்: வாங்குவது என் ஐடியில், பகிர்வு அவன் கன்சோலில். வடகிழக்குப் பருவமழை ஐப்பசியில் வலுத்துவிட்டால் அந்தப் பக்கம் என்ன ஆகும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கற்பூர மரம் ஒன்று சாய்ந்தால் கரண்ட் கம்பியும் அதே போஸ்டில் போகிற ஃபைபரும் சேர்ந்தே அறுந்துவிடும். கரண்டுக்கு வீட்டில் இன்வெர்டர் உண்டு, டிவியும் கன்சோலும் கொஞ்ச நேரம் ஓடும். நெட்டுக்கு என்ன செய்வது? மோடத்தில் எல்.ஓ.எஸ் என்று எழுதிய சின்ன விளக்கு சிவப்பாகச் சிமிட்டிக்கொண்டே இருக்கும். லைன்மேன் வந்து அறுந்த இடத்தைத் தேடிப் பிடித்து ஒட்டுகிற வரை அவ்வளவுதான். அப்படிப்பட்ட ஒரு சாயங்காலம் அவனிடமிருந்து போன் வந்தது. “மாமா, காலையிலிருந்து நெட் இல்ல. ஆனா கேம் ஓடுது!” என்றான். பகிர்வு என் கன்சோலில் இருந்திருந்தால் அவன் திரையில் கேமின் படத்துக்குப் பக்கத்தில் ஒரு பூட்டுதான் தெரிந்திருக்கும்.

அந்தப் பூட்டு கேபிள் அறுந்தால் மட்டும் வருவதில்லை. 2025 பிப்ரவரியில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க்கே உலகம் முழுக்க ஏறத்தாழ ஒரு நாள் முடங்கியது. பிறகு ஆன்லைனில் ஆடுவதற்கான பிஎஸ் பிளஸ் சந்தா கட்டியவர்களுக்கு 5 நாள் கூடுதலாகக் கொடுத்தார்கள். சர்வரிடம் கேட்டே ஆக வேண்டிய கன்சோலில் இருந்தவர்களுக்கு அன்று வீட்டு நெட் நன்றாக இருந்தும் பயனில்லாமல் போனது.

இன்னொரு முறையும் உண்டு, குறுக்கே மாற்றிக்கொள்வது. அண்ணன் ஐடியின் பகிர்வு உங்கள் கன்சோலில், உங்கள் ஐடியின் பகிர்வு அண்ணன் கன்சோலில். இருவர் வாங்குவதும் இருவருக்கும் கிடைக்கும். நண்பர்கள் பெரும்பாலும் இப்படித்தான் செய்கிறார்கள். இதில் நம் மலை வீட்டுக்கு ஒரு பாதகம் இருக்கிறது: அண்ணன் வாங்கியவை உங்களிடம் நெட் இல்லாமலும் ஓடும், நீங்கள் வாங்கியவைதான் ஓடாது! சொந்தக் காசில் வாங்கிய கேம் மழை நாளில் பூட்டோடு நிற்கும். அதனால்தான் வாங்குவதெல்லாம் ஒரே ஐடியில் இருக்கட்டும் என்று சொல்கிறேன். பணத்தைப் பாதிப் பாதியாக அண்ணனுக்கு அனுப்பிவிடுங்கள்.

இதற்கு ஒரு விலை இருக்கிறது, அதையும் யோசித்து முடிவெடுங்கள். ஒரு ஐடியில் வாங்கிய கேமை இன்னொரு ஐடிக்கு மாற்ற வழியே இல்லை. நாளைக்கு உங்களுக்குக் கல்யாணமாகி வேறு ஊருக்குப் போனாலும், அண்ணன் குடும்பத்துக்கு இன்னொரு கன்சோல் வாங்கினாலும், இத்தனை வருஷம் சேர்ந்து வாங்கியவை எல்லாம் அண்ணன் ஐடியில்தான் இருக்கும். பாகம் பிரிக்க முடியாத சொத்து அது. இது இரண்டு பேருக்கும் சம்மதமா என்று முதல் கேமை வாங்குவதற்கு முன்பே பேசிக்கொள்ளுங்கள்.

பிஎஸ் பிளஸ் சந்தாவையும் அதே ஐடியில் போடுங்கள். பகிர்வு ஆன் ஆகியிருக்கிற கன்சோலில் மற்றவர்களும் அந்தச் சந்தாவை வைத்து ஆன்லைனில் ஆடலாம், மாதாமாதம் வரும் கேம்களும் கிடைக்கும். ஒரு சந்தா இரண்டு வீட்டுக்குப் போதும். டிஎல்சி எனப்படும் கூடுதல் பகுதிகளும் பெரும்பாலும் சேர்ந்தே வரும். கேமுக்குள் காசு கொடுத்து வாங்கும் நாணயங்கள் மட்டும் வாங்கியவருக்குத்தான். பழைய பிஎஸ்4 ஒன்று பாட்டி வீட்டில் இருந்தால் அதையும் சேர்த்துக்கொள்ளலாம். ஒரு ஐடிக்கு ஒரு பிஎஸ்5, அதோடு தனியாக ஒரு பிஎஸ்4 பிரைமரி என்று கணக்கு. பிஎஸ்4 கேம்கள் அங்கேயும் ஓடும்.

மலையில் அடுத்த தலைவலி டவுன்லோட். இப்போது பெரிய கேம்கள் 100 ஜிபியைச் சாதாரணமாகத் தாண்டுகின்றன. நல்ல வெயில் நாளிலேயே இங்கே அது பல மணி நேரம் இழுக்கும், நடுவில் நின்றும் போகும். இதற்கு எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்க் ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். 250 ஜிபிக்குக் குறையாமலும் வேகமான யுஎஸ்பி வகையாகவும் இருக்க வேண்டும் என்பது பிஎஸ்5-இன் நிபந்தனை. அண்ணன் கோவையில் டவுன்லோட் செய்து அதில் ஏற்றிக் கொடுத்தால், ஊருக்கு வரும்போது கையோடு கொண்டுவந்துவிடலாம். அக்கா குன்னூர் மார்க்கெட்டுக்கு வரும் நாளில் காய்கறிப் பையோடு எங்கள் ஹார்டு டிஸ்க்கும் கட்டபெட்டுக்குப் பஸ் ஏறும். பிஎஸ்5 கேமை அந்த டிஸ்கிலிருந்து நேரடியாக ஆட முடியாது, கன்சோலின் உள் மெமரிக்கு மாற்றிய பிறகுதான் ஆடலாம். அந்த மாற்றம் நிமிடக் கணக்கில் முடிந்துவிடும். பிஎஸ்4 கேம்களை டிஸ்கிலிருந்தே ஆடலாம். எடுத்து வைக்கும்போது செட்டிங்ஸில் முறையாகத் துண்டித்துவிட்டுப் பிடுங்குங்கள், இல்லாவிட்டால் டேட்டா கெட்டுப்போகும்.

சரி, டெலிகிராம் விஷயம். வேண்டாம். அங்கே விற்பது கேமை அல்ல, யாரோ ஒருவருடைய ஐடியின் பாஸ்வேர்டை. ‘பிரைமரி’ (பகிர்வோடு) ஒரு விலை, ‘செகண்டரி’ (பகிர்வு இல்லாமல், நெட்டோடு மட்டும்) அதைவிடக் கம்மி விலை என்று போடுவார்கள். இப்போது நான் சொன்ன இதே பகிர்வு வசதியைத்தான் முகம் தெரியாத ஆட்களுக்குக் கூறு போட்டு விற்கிறார்கள். ஐடி அவர்கள் பெயரில், மின்னஞ்சல் அவர்களுடையது. நாளைக்கே பாஸ்வேர்டை மாற்றிவிட்டு அதே இடத்தை வேறொருவருக்கு விற்றால் நீங்கள் யாரிடம் போய்ப் புகார் கொடுப்பீர்கள்? ஐடியை விற்பதும் வாங்குவதும் சோனியின் விதிமுறைகளுக்கு விரோதம் என்பதால் ஐடியையே முடக்கவும் அவர்களுக்கு உரிமை இருக்கிறது. மாணவர்கள் சேர்த்து வைத்த பணம் இப்படிப் போவதைப் பார்க்க எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

பகிர்வு வசதி கன்சோலிலேயே இருக்கிற முறையான வசதிதான், ஒரு வீட்டு ஆட்களை மனதில் வைத்துச் செய்தது. பேங்க் பாஸ்வேர்டைக் கொடுக்கும் அளவுக்கு நம்பிக்கை இருக்கிற ஆளோடு மட்டும் செய்யுங்கள். அந்த ஐடியில் அண்ணனுடைய கார்டு இருக்கும் அல்லவா? அதனால் வாங்கும்போது பாஸ்வேர்டு கேட்கும்படி வைத்துவிடுங்கள். உங்கள் வீட்டுக் கன்சோலில் அண்ணன் ஐடிக்கு நான்கு இலக்க பாஸ்கோடு போட்டால் பக்கத்து வீட்டுக் குழந்தைகள் தவறுதலாகக்கூட அதற்குள் போக முடியாது. டூ-ஸ்டெப் வெரிஃபிகேஷனையும் ஆன் செய்யச் சொல்லுங்கள். இவ்வளவும் செய்த பிறகு அந்த ஐடியை உங்கள் கன்சோலிலிருந்து அழிக்காமல் அப்படியே விட்டுவிடுங்கள்.

எக்ஸ்பாக்ஸ் வைத்திருப்பவர்களும் இதைப் படிக்கலாம் என்பதால் அதையும் சொல்லிவிடுகிறேன். அங்கே இதற்கு ‘ஹோம் எக்ஸ்பாக்ஸ்’ என்று பெயர். யோசனை அதேதான், மலை வீட்டுப் பெட்டியை ஹோம் ஆக்குங்கள். வருஷத்தில் 5 தடவைதான் மாற்ற முடியும் என்பதால் அடிக்கடி மாற்றி விளையாட வேண்டாம். 2013 ஜூனில் எக்ஸ்பாக்ஸ் ஒன் வருவதற்கு முன் மைக்ரோசாஃப்ட் ஒரு திட்டம் சொன்னது: குடும்பத்தில் 10 பேர் வரை கேமைப் பகிரலாம், ஆனால் கன்சோல் 24 மணி நேரத்துக்கு ஒரு முறையாவது நெட்டில் சேர்ந்தாக வேண்டும். எதிர்ப்பு கிளம்பியதும் அதே மாதம் இரண்டையும் கைவிட்டார்கள். பத்துப் பேர் பகிர்வு போனது வருத்தம்தான், ஆனாலும் அந்த 24 மணி நேர நிபந்தனையோடு கூடலூரிலும் பந்தலூரிலும் ஆடி மாத மழையில் யாராவது ஒரு கேம் ஆடியிருக்க முடியுமா?

நிண்டெண்டோ ஸ்விட்ச் வேறு மாதிரி. 2025-இல் விர்ச்சுவல் கேம் கார்டு என்று கொண்டுவந்தார்கள். குடும்பக் குழுவில் இருப்பவருக்கு ஒரு கேமை 14 நாள் வரை இரவல் கொடுக்கலாம், நாள் முடிந்ததும் தானே திரும்பி வந்துவிடும். கொடுக்கும்போது இரண்டு கன்சோலும் பக்கத்தில் இருக்க வேண்டும், கொடுத்திருக்கும் நாட்களில் நீங்கள் ஆட முடியாது. கோவைக்கும் கோத்தகிரிக்கும் இது ஒத்து வராது.

கடைசியாக ஒன்று. கன்சோலை விற்பதற்கு முன்பும் சர்வீஸுக்குக் கோவைக்கு அனுப்புவதற்கு முன்பும் பகிர்வை ஆஃப் செய்துவிடுங்கள். சர்வீஸில் பழையதை வைத்துக்கொண்டு வேறு பெட்டி கொடுத்துவிட்டால் உரிமை பழைய பெட்டியிலேயே நின்றுவிடும். அப்படி ஆகிவிட்டால் அண்ணன் சோனியின் இணையதளத்தில் லாகின் செய்து எல்லாக் கன்சோல்களிலிருந்தும் ஒரே அடியாக நீக்கலாம். அது 6 மாதத்துக்கு ஒரு முறைதான் கிடைக்கும். பிறகு புதுப் பெட்டியில் மறுபடி ஆன் செய்துகொள்ளுங்கள். ஆன் செய்தும் பூட்டு போகாவிட்டால், அதே அதர் பக்கத்தில் ‘ரீஸ்டோர் லைசன்சஸ்’ என்று இருக்கும், அதைக் கொடுத்துப் பாருங்கள்.