யூத மறைஞானமும் நாட்டார் கதைகளும் பேய்ப்படம் எடுக்க மட்டும்தான் உதவுமா?

நீங்கள் திரைக்கதை எழுதும் எண்ணத்தோடு இதைக் கேட்டிருப்பதாக எடுத்துக்கொள்கிறேன். நான் யூதனும் அல்லன், கபாலா எனப்படும் யூத மறைஞானம் கற்றவனும் அல்லன். 1937இல் போலந்தில், கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழியான இத்திஷில் எடுக்கப்பட்ட ‘திபுக்’ படத்தை எங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தில் திரையிட்டு அவமானப்பட்டவன் என்பதே எனக்குள்ள தகுதி.

துண்டறிக்கை அச்சிட்ட நிர்வாகி, என்னிடம் ஒரு வார்த்தை கேளாமல், ‘குலை நடுங்கவைக்கும் பேய்ப்படம்’ என்று போட்டுவிட்டார். அரங்கு நிறைந்தது, பேய் வருவதற்குள் பாதி காலியாகிவிட்டது. வந்தவர்கள் மேல் எனக்குக் கோபமில்லை. அவர்கள் கண்டதெல்லாம் தொழுகையும் பாட்டும், இரண்டு நண்பர்கள் தங்களுக்குப் பிறக்கப்போகும் பிள்ளைகளுக்கு மணம் முடிப்பதாக ஒருவருக்கொருவர் கொடுத்துக்கொண்ட வாக்கும்தான். அந்த வாக்கை மறந்து, சேந்தர் தன் மகள் லேயாவுக்குப் பணக்கார மாப்பிள்ளை தேடுகிறான். இறந்துபோன நண்பன் நிசானின் மகனான ஏழை மாணவன் கோனன், அவளை அடைய மறைநூல்களுக்குள் இறங்கி உயிரை விட்டு, திருமண நாளில் அவள் உடலில் புகுந்துகொள்கிறான். இப்படி உயிருள்ளவர் உடலில் புகும் இறந்தவரின் ஆவிக்குத்தான் திபுக் என்று பெயர்; அச்சொல்லின் வேரே ஒட்டிக்கொள்வதைத்தான் குறிக்கிறது. அது மனித உடலைப் பற்றுமே தவிர, பெட்டியில் குடியிருப்பதில்லை. 2003இல் இணைய ஏலத்துக்கு வந்த ‘திபுக் பெட்டி’ தன் கற்பனையே என்று அதை விற்றவர் 2021இல் ஒப்புக்கொண்டுவிட்டார். அதற்குள் அந்தப் பெட்டி ஹாலிவுட்டைக் கடந்து மலையாளத்தின் ‘எஸ்ரா’ படம் வரை வந்து சேர்ந்திருந்தது. அந்தப் படங்களை ரசித்தவர்கள் சண்டைக்கு வர வேண்டாம், நானும் ரசித்தவன்தான்.

படத்துக்கு மூலமான நாடகத்தை எழுதிய அன்ஸ்கி, 1912 முதல் 1914 வரை இன்றைய உக்ரைனில் உள்ள வோலினியா, பொடோலியா பகுதிகளின் யூதச் சிற்றூர்களில் குழுவோடு அலைந்து கதைகளும் பாடல்களும் திரட்டியவர். பிறப்பு முதல் இறப்புக்குப் பிந்தைய நம்பிக்கைகள் வரை 2,087 கேள்விகள் கொண்ட வினாநிரல் ஒன்றும் அவர் முயற்சியில் உருவானது. அதனால்தான் நாடகத்தில் ஊர் நடுவே, 1648இல் யூதர்கள்மீது நடந்த படுகொலையில் மணநாளன்றே வெட்டுண்ட தம்பதியின் கல்லறை நிற்கிறது. படத்தில் மண்டையோட்டு முகமூடியும் தொழுகைச் சால்வையும் அணிந்த உருவம் மணப்பெண்ணோடு ஆடும் நடனத்தை நான் ஏழெட்டு முறை பார்த்திருப்பேன். கதறலோ, திடுக்கிடவைக்கும் ஓசையோ அதில் கிடையாது.

கடைசிவரை அமர்ந்திருந்தவர்களில் ஓய்வுபெற்ற நீதிமன்ற அமீனா ஒருவரும் இருந்தார். வாக்குத் தவறிய சேந்தர்மீது இறந்த நிசான் தொடுக்கும் வழக்கை ரபி, அதாவது யூத மதகுரு, விசாரிக்கும் கட்டம் அவரை ஆட்கொண்டிருந்தது. “செத்தவனுக்கு சம்மன் சார்வு செய்தது யார்?” என்று கேட்டார். நாடகத்தில் ரபியின் உதவியாளர் அவருடைய கைத்தடியோடு இடுகாட்டுக்குச் சென்று, கண்களை மூடியபடி நடந்து, தடி முதலில் படும் கல்லறையை மூன்று முறை தட்டி அழைக்க வேண்டும் என்றும், விசாரணையின்போது இறந்தவருக்குத் திரை கட்டித் தனியிடம் ஒதுக்குவார்கள் என்றும் சொன்னேன். பாதிச் சொத்தை ஏழைகளுக்குக் கொடுக்குமாறு சேந்தருக்குத் தீர்ப்பாகியும் நிசான் அதை ஏற்று ‘ஆமென்’ சொல்லவில்லை என்பதையும் சேர்த்துச் சொன்னேன்.

சற்று யோசித்தவர், “அப்படியானால் அவன் அப்பீலுக்குப் போவான்” என்றபடி செருப்பை மாட்டிக்கொண்டார்.