ஜெர்மனியில் என்னை ஏன் அப்பா பெயரால் கூப்பிடுகிறார்கள்?

தம்பி, ஜெர்மனிக்கு வந்து இரண்டு மாதம் ஆகிறது என்று எழுதியிருந்தீர்கள். போகிற இடமெல்லாம் ‘ஹெர்’ (நம் ‘திரு’ மாதிரி) சேர்த்து அப்பா பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்கள், திரும்பிப் பார்க்கவே தோன்றுவதில்லை என்கிறீர்கள். உடன் வேலை செய்பவர் ஒருவர் “உங்கள் குடும்பப் பெயருக்கு என்ன அர்த்தம்?” என்று கேட்க, “எங்களுக்கு அப்படி ஒன்று கிடையாது” என்று சொல்லிவிட்டு, அது சரியான பதில்தானா என்று குழம்பியிருக்கிறீர்கள். 19 வருடத்துக்கு முன் நானும் இதே குழப்பத்தில்தான் இருந்தேன். பதில் கொஞ்சம் நீளும்.

முதலில் என் கூத்தைச் சொல்லிவிடுகிறேன். வந்த புதிதில் லெட்டர்பாக்ஸில் என் சொந்தப் பெயரை மட்டும் அழகாக எழுதி ஒட்டினேன். இங்கே அடுக்குமாடி வீடுகளில் பெரும்பாலும் கதவு எண் கிடையாது. தபால்காரருக்குத் தெரிந்ததெல்லாம் தெரு, கட்டட எண், பெட்டியில் இருக்கும் குடும்பப் பெயர். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்ற இடத்தில் அப்பா பெயர் இருந்ததால் வங்கி அட்டை அவர் பெயருக்கு வந்தது, அப்படி ஒருவர் இங்கே இல்லை என்று திரும்பிப் போனது. இரண்டாவது முறையும் போனது. மருத்துவமனையில் அப்பா பெயரை மூன்று தடவை கூப்பிட்டார்கள். யாரோ வராமல் இழுத்தடிக்கிறாரே என்று நானும் சேர்ந்து சலித்துக்கொண்டேன்.

இப்போது அந்த அர்த்தக் கேள்விக்கு வருவோம். அவர்களுடைய குடும்பப் பெயர்கள் ஏதோ பெரிய பரம்பரைப் பட்டம் என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். பாதிப் பெயர்களை மொழிபெயர்த்தால் ஒரு பழைய கிராமத்தின் கடைத்தெரு வந்துவிடும். இந்த நாட்டில் அதிகம் பேர் வைத்திருக்கும் குடும்பப் பெயர் முல்லர், அதாவது மாவு மில்காரர். நமக்குத் தெரிந்த மாக்ஸ் முல்லரும் அதேதான். ஷ்மிட் கொல்லர், ஷ்னைடர் தையற்காரர், வேபர் நெசவாளி, வாக்னர் வண்டி செய்யும் தச்சர். கார் பந்தய ஷூமாக்கர் பெயரிலேயே தெரியும், செருப்புத் தைப்பவர். ஷூல்ட்ஸ் என்றால் ஊர்த் தலைவர் மாதிரி, கடன் தண்டும் வேலையும் அவருடையது. உருவத்தை வைத்தும் பெயர் உண்டு: க்ளைன் என்றால் சின்னவர், க்ரௌஸ என்றால் சுருட்டை முடிக்காரர். யாரோ ஒரு பாட்டனாரை ஊரார் கேலியாகக் கூப்பிட்டது, 30 தலைமுறைக்குப் பிறகும் வழுக்கைத் தலையோடு ஒருவர் ‘சுருட்டை’ என்று கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கிறார்.

எனக்கு மிகவும் பிடித்தது நோய்மான். ‘புது ஆள்’ என்று பொருள். எங்கிருந்தோ வந்து குடியேறிய ஒருவருக்கு ஊர் வைத்த பெயர். போலந்திலிருந்து வந்த நோவாக் என்ற பெயருக்கும் அதே அர்த்தம்தான். அந்தக் கணக்கில் இன்றைக்கு நீங்களும் ஒரு நோய்மான்.

சரி, நமக்கு இப்படி எதுவும் இருந்ததில்லையா? சங்கப் புலவர் பெயர்களை ஒருமுறை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார். உறையூர் மருத்துவன் தாமோதரனார். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார். ஊர், தொழில், அப்பா, அப்புறம் ஆள். வேபர், வாக்னர் எல்லாம் சொல்லும் அதே சங்கதிதான். ஒரே வித்தியாசம், நம்முடையது அந்த ஒரு மனிதரை மட்டும் குறித்தது, மகனுக்குப் போகவில்லை. இங்கே 12ஆம் நூற்றாண்டு வாக்கில் நகரங்கள் பெருகி, ஒரே தெருவில் பத்து யோஹன்னஸ் என்று ஆனபோது, அடையாளத்துக்குச் சொன்னது கொஞ்சம் கொஞ்சமாகப் பிள்ளைகளுக்கும் ஒட்டிக்கொண்டது. கொல்லரின் மகன் ரொட்டி சுட்டாலும் ஷ்மிட்.

நம்மிடம் பிற்காலத்தில் பரம்பரையாக ஒட்டியது சாதிப் பட்டம். 1929இல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாடு அதை விடச் சொல்லித் தீர்மானம் போட்டது. பெரும்பாலோர் விட்டார்கள், இனிஷியல் மிஞ்சியது. இந்த ஒரு விஷயத்தை ஜெர்மானியர்களிடம் சொல்லிப் பாருங்கள், அடுத்த அரைமணி நேரம் உங்களை விடமாட்டார்கள். “எங்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது” என்று வெறுமனே சொல்வதைவிட இது நல்ல பதில்.

அப்பா பெயரை வைப்பது அவர்களுக்குப் புதிதும் இல்லை. வடக்கே ஹான்சன், பீட்டர்சன் என்று நிறையப் பேரைப் பார்ப்பீர்கள். ஹான்ஸின் மகன் ஹான்சன். அந்த ஹான்சனின் சொந்தப் பெயர் பீட்டர் என்றால் அவருடைய மகன் பீட்டர்சன். தலைமுறைக்குத் தலைமுறை மாறும், நம் இனிஷியல் மாதிரியே. அப்போது டென்மார்க் அரசரின் கீழ் இருந்த ஷ்லெஸ்விக் என்ற பகுதியில் 1771இல் அரசாணை போட்டு, இனி மாறக்கூடாது, இருக்கிற பெயரே நிலைக்கட்டும் என்றார்கள். அதோடு ஹான்சன் வீட்டுப் பிள்ளைகள் எல்லாம், அப்பா பெயர் எதுவானாலும், ஹான்சன்கள்தான். ஐஸ்லாந்தில் இன்னும் பழைய முறைதான்.

அதே உறைதல் இப்போது நம் வீடுகளில் நடக்கிறது, யாரும் அரசாணை போடாமலே. என் மகள் இங்கே பிறந்தாள். ஊரில் பிறந்திருந்தால் அவளுடைய இனிஷியல் என் பெயராக இருந்திருக்கும். இங்கே குடும்பப் பெயர் என் அப்பாவுடையது என்பதால் அவளுக்கும் அதுவே போய்விட்டது. ஒருமுறை பள்ளியில் ‘ஃப்ராவ்’ (திருமதி) போட்டு என் மனைவியையும் என் அப்பா பெயராலேயே கூப்பிட்டார்கள், அவள் பாஸ்போர்ட்டில் இருப்பதோ அவளுடைய அப்பா பெயர். எங்கள் வீட்டு அழைப்புமணிக்குப் பக்கத்தில் இரண்டு பெயர்கள் இருக்கின்றன. இரண்டு பேரும் இந்த வீட்டில் இல்லை, இருக்கிற மூன்று பேரின் சொந்தப் பெயரும் அதில் இல்லை. அப்பா ஒரு கோடையில் வந்தபோது அதைப் பார்த்துவிட்டு, “வாடகை என்னைக் கேட்க மாட்டார்களே?” என்றார்.

சொந்தப் பெயர் பற்றியும் கேட்டிருந்தீர்கள். பழைய ஜெர்மானியப் பெயர்கள் நம்முடையவை போலவே இரண்டு சொல்லைக் கோத்தவை. வோல்ஃப்காங்கில் ஓநாயும் நடையும் உண்டு, ஃப்ரீட்ரிஷில் அமைதியும் ஆட்சியும். கெர்ஹார்ட் என்றால் ஈட்டியும் உறுதியும், நம் வேலன்களுக்கு ஒன்றுவிட்ட சொந்தம். முன்னாள் சான்ஸலர் (நம் பிரதமர் மாதிரி) கெர்ஹார்ட் ஷ்ரோடரை எடுத்துக்கொள்ளுங்கள். ஷ்ரோடர் வடக்கத்திப் பேச்சில் தையற்காரர். ஆக, ஈட்டி பிடித்த தையற்காரர் ஒருவர் ஏழு வருடம் நாட்டை ஆண்டிருக்கிறார்.

குழந்தைக்குப் பெயர் வைக்கும்போது ஸ்டாண்டெஸாம்ட் என்னும் பதிவு அலுவலகம் கேள்வி கேட்கலாம். முன்பெல்லாம் ஆணா பெண்ணா என்று பெயரிலேயே தெரிய வேண்டும் என்பார்கள். இந்திய வம்சாவளித் தந்தை ஒருவர் மகளுக்கு கிரண் என்று பெயர் வைக்கப்போய், வழக்கு அரசியல் சாசன நீதிமன்றம்வரை போனது. 2008இல் பெற்றோர் பக்கம் தீர்ப்பு வந்தது. ஆகையால் நம் பெயர்களை வைக்கத் தயங்க வேண்டாம். எழுத்தை மட்டும் யோசித்து வையுங்கள். இவர்கள் ‘ஜே’யை ‘ய’ என்றும் ‘வி’யைப் பல நேரம் ‘ஃப’ என்றும் படிப்பார்கள். ஜீவா யீவா ஆவார், வேலன் ஃபேலன் ஆவார். எழுத்தெழுத்தாகச் சொல்லச் சொன்னால் சங்கடப்பட வேண்டாம். மையர் என்ற சாதாரணப் பெயரையே நான்கைந்து விதமாக எழுதுகிறார்கள் என்பதால், அவர்களும் நாள் முழுக்க அதைத்தான் செய்துகொண்டிருக்கிறார்கள்.

உங்கள் கடைசிக் கேள்வி, பெயரை மாற்றிக்கொள்ளலாமா என்பது. அவசரப்படாதீர்கள். எது முதற்பெயர், எது குடும்பப் பெயர் என்று பதிவு அலுவலகத்தில் அறிவிக்க வழி இருக்கிறது, ஆனால் அறிவித்த பின் நினைத்தபடி மாற்ற முடியாது. பெயர்ச் சட்டமே 2025 மே 1 முதல் மாறியிருக்கிறது, அதனால் என்னைப் போன்ற பழைய ஆட்கள் சொல்வதைக் கேட்டு முடிவெடுக்காமல் நேரில் போய்க் கேளுங்கள். அதுவரை பாஸ்போர்ட்டில் உள்ளபடியே, ஒரு எழுத்தும் மாறாமல், வங்கி, காப்பீடு, வாடகை ஒப்பந்தம் எல்லாவற்றிலும் எழுதுங்கள். திருமணமும் குழந்தையும் வருவதற்கு முன்னால் அந்தக் குடும்பப் பெயர் யாருடையதாக இருக்க வேண்டும் என்று வீட்டில் பேசி வைத்துக்கொள்ளுங்கள். நாங்கள் பேசவில்லை.

அப்புறம், இன்று மாலையே லெட்டர்பாக்ஸில் இரண்டு பெயரையும் ஒட்டிவிடுங்கள். அப்பா பெயர் பெரிதாக இருக்கட்டும்.