கோலத்துக்கு இப்பால்

அன்புள்ள ஐயா,

சென்ற வாரம் விடியற்காலை ரயிலைப் பிடிக்க வால்டாக்ஸ் சாலை வழியாக சென்ட்ரலுக்கு நடந்தேன். நடைபாதையில் குடும்பம் குடும்பமாகத் தூங்கிக்கொண்டிருந்தார்கள். கண்ணுக்குத் தெரியாத இந்த மனிதர்கள் எந்த ஊரிலிருந்து வந்தவர்கள்? வீடு கொடுத்தாலும் திரும்பி வந்துவிடுகிறார்களாமே? இவர்களைப் பற்றி நாவல் எழுத விரும்புகிறேன். எங்கிருந்து தொடங்கலாம்?

கே., பெரம்பூர்

அன்புள்ள கே.,

நாவலை எங்கே தொடங்குவது என்பது உங்கள் பாடு. எந்த ஊர் என்று கேட்டீர்களே, அவர்களுக்கு அதுதான் ஊர். அந்தப் பிளாட்பாரத்திலேயே பிறந்து, அங்கேயே பிள்ளை பெற்றவர்கள் இருக்கிறார்கள். பெரம்பூருக்கு நீங்கள் எப்போது குடிவந்தீர்கள்?

1984இல் அந்தப் பக்கம் ஒரு காகிதக் கடையில் கணக்கெழுதிக்கொண்டிருந்தேன். ஒருநாள் அவசரத்தில் சைக்கிளை நடைபாதையில் ஏற்றிவிட்டேன். “வாசல்ல வண்டிய ஏத்துறியே, கண்ணு தெரியல?” என்று ஓர் அம்மாள் கத்தினார். குனிந்து பார்த்தால் சக்கரத்தின் கீழே கோலம். அதற்குப் பின்னால் கதவில்லை, ஒரு கிடங்கின் மதில்தான். அதில் அடித்த ஆணியில் தார்ப்பாயும் குடமும் தொங்கின. அவர் கோலம் முடிந்த இடத்தில் அடுத்த குடும்பத்தின் கோலம் தொடங்கியது.

அவர் நான்கு மணிக்கே பூக்கடைக்குப் போய்ச் சரம் கட்டுவார். பிறகு சவுகார்பேட்டையில் இரண்டு வீடுகளில் பாத்திரம் தேய்ப்பார். கணவர் கைவண்டி இழுத்தார். எல்லாம் நடந்து போகிற தூரம். ‘வந்துவிடுகிறார்களாமே’ என்று எழுதியிருக்கிறீர்களே, அந்த ‘ஆமே’யில் உள்ள இளக்காரத்தை முதலில் துடைத்துவிட்டு யோசியுங்கள். 1970இல் தொடங்கிய குடிசை மாற்று வாரியம், ‘ஏழையின் சிரிப்பில் இறைவனைக் காண்போம்’ என்று எழுதிவைத்து, ஆரம்பத்தில் பல இடங்களில் குடிசை இருந்த இடத்திலேயே மாடிவீடு கட்டித் தந்தது. 2000க்குப் பிறகு கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று தள்ளிக்கொண்டே போனார்கள். வால்டாக்ஸ் சாலையிலிருந்து கண்ணகி நகர் சுமார் 20 கிலோமீட்டர். நான்கு மணிக்குப் பூ கட்ட வேண்டியவர் எந்தப் பேருந்தைப் பிடிப்பார்? பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில், பிழைப்புக்கான உரிமை உயிர்வாழும் உரிமையில் அடங்கும் என்று 1985இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. மழைக்காலம் கழிந்ததும் அவர்களை அகற்றிக்கொள்ளலாம் என்றும் அதே தீர்ப்பில் சொன்னது.

வேலையை விட்ட அன்று அந்த அம்மாளிடம் சொல்லிக்கொள்ளப் போனேன். பாயை உதறிப் போட்டு, “செருப்ப வெளிய வுட்டுட்டு உள்ள வாப்பா” என்றார். வெளியே என்பது எது என்று ஒரு கணம் விழித்துவிட்டு, கோலத்துக்கு இப்பால் கழற்றி வைத்தேன்.