தன்னை எண்ணும் வாக்கியம் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நான் எழுதிவரும் அறிபுனைகதையில் ஒரு கணித ஆய்வாளர் வருகிறார். அவர் நிறுவும் தேற்றம் இது: 'தன்னைப் பற்றித் தானே பேசும் எந்தப் பிரதியும் காலப்போக்கில் நிலைகுலையும்.' கற்பனைத் தேற்றம்தான். ஆனாலும் கணிதம் தெரிந்த ஒருவர் அந்தப் பக்கத்தோடு கதையை மூடி வைத்துவிடக் கூடாது. இதில் எவ்வளவு நிற்கும், எங்கே உடையும் என்று சொல்ல முடியுமா?

திருச்சியிலிருந்து ஒரு வாசகர்

*

அன்புள்ள நண்பருக்கு,

இப்போதிருக்கும் வடிவில் தேற்றம் நிற்காது. அதை உடைக்க ஒரு வரி போதும்:

'இந்த வாக்கியத்தில் இருபத்தாறு எழுத்துகள் உள்ளன.'

மெய்யெழுத்தை ஒன்றாகவும் உயிர்மெய்யை ஒன்றாகவும் கொண்டு, சொல் சொல்லாக எண்ணிப் பாருங்கள். 3, 7, 6, 6, 4. மொத்தம் 26. தன்னைப் பற்றித்தான் பேசுகிறது, உண்மையைச் சொல்கிறது, என்றைக்கும் அதையேதான் சொல்லும். 1931இல் தர்க்கவியலாளர் கோடெல் கட்டிய, 'எனக்கு இந்த அமைப்புக்குள் நிரூபணம் இல்லை' என்று சொல்லும் கூற்றும் அப்படி அசையாமல் நிற்பதுதான். ஆகவே தற்சுட்டு மட்டுமே ஒரு பிரதியைக் குலைத்துவிடாது.

குலைப்பது எது என்று பார்க்க, அந்த வரி எப்படிக் கிடைக்கிறது என்று பார்க்க வேண்டும். எண் இல்லாமல் வாக்கியத்தில் 20 எழுத்து. ஆகவே முதலில் 'இருபது' என்று எழுதுகிறோம். அந்தச் சொல்லுக்கே 4 எழுத்து, மொத்தம் 24 ஆகிவிட்டது. 'இருபத்து நான்கு' என்று திருத்தினால் 28. 'இருபத்தெட்டு' என்றால் 27. 'இருபத்தேழு' என்றால் 26. 'இருபத்தாறு' என்றால் மறுபடி 26, நின்றுவிட்டது. ஒவ்வொரு திருத்தமும் ஒரு கணம் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் தேற்றத்தில் வரும் 'காலம்' இதுதான். வாக்கியம் எப்போதும் தன் முந்தைய நிலையைத்தான் அறிவிக்கிறது, எண்ணி முடித்து எழுதுவதற்குள் தான் மாறிவிடுகிறது.

இப்போது 'உள்ளன' என்பதை எடுத்துவிட்டு 'உண்டு' என்று போடுங்கள். ஒரே ஓர் எழுத்துதான் குறைகிறது, எண் நீங்கலாக 19. 'இருபத்தைந்து' என்று எழுதினால் மொத்தம் 26. 'இருபத்தாறு' என்று எழுதினால் 25. திரும்பவும் 26, திரும்பவும் 25. இருபதிலிருந்து முப்பத்தொன்பது வரை எந்த எண்ணில் தொடங்கினாலும் இந்த ஊசலில்தான் வந்து விழும். பொறுமையாகத் திருத்திக்கொண்டே போனால் என்றாவது சரியாகும் என்ற நம்பிக்கைக்கு இங்கே இடமில்லை. சரியான விடையே கிடையாது.

காரணம், 25ஐவிட 26 பெரிய எண், ஆனால் அதன் பெயர் ஓர் எழுத்து சிறியது. தாமதமாக வரும் திருத்தம் எதிர்த்திசையில் தள்ளுகிறது. இந்த இரண்டும், அதாவது தாமதமும் எதிர்த்திசையும், சேரும் இடத்தில் ஊசலுக்கு வழி பிறக்கிறது.

அச்சுக்கோப்பில் இதையே கண்ணால் பார்க்கலாம். லேட்டக் (LaTeX) என்ற அச்சுக்கோப்பு மென்பொருளில் 'பக்கம் இத்தனையில் உள்ள படம்' என்று எழுதினால், முதல் ஓட்டத்தில் எண் தெரியாது, இரண்டு கேள்விக்குறிகள்தான் விழும். பக்க எண்கள் துணைக்கோப்பில் பதிவாகி, அடுத்த ஓட்டத்தில் உரைக்குள் வரும். வந்த எண் உரையை நீட்டும், உரை நீண்டால் படம் நகரலாம், அதனால்தான் மறுபடி ஓட்டச் சொல்லி எச்சரிக்கை வருகிறது. பெரும்பாலும் இரண்டு மூன்று ஓட்டங்களில் அடங்கிவிடும். அடங்காத இடமும் உண்டு. படம் அதே பக்கத்தில் விழுந்தால் 'இந்தப் பக்கத்தின் அடியில் உள்ள படம்' என்றும், தள்ளிப் போனால் 'மறுபக்கப் படம்' என்றும் தானாகவே மாறும்படி வைத்திருந்தால் சிக்கல்தான். நீளமான தொடர் ஒரு வரியைக் கூட்டிப் படத்தை அடுத்த பக்கத்துக்குத் தள்ளும். குறுகிய தொடர் அதைத் திரும்ப இழுத்துவரும். எத்தனை முறை ஓட்டினாலும் தீராது. இரண்டு தொடர்களையும் ஒரே நீளத்தில் அமைக்க வேண்டும், அல்லது அந்த இடத்தில் பக்கத்தைக் கையால் முறிக்க வேண்டும்.

உங்கள் ஆய்வாளருக்கு நான் கொடுக்கக்கூடிய தேற்றம் இது: ஒரு பிரதி, தன் முந்தைய நிலையைப் படித்து, மாறாத விதி ஒன்றால் தன்னைத் திருத்திக்கொண்டே போகட்டும். அதன் நீளத்துக்கு வரம்பு இருந்தால் அது ஒரு கட்டத்தில் நிலைபெறும், அல்லது சுழலில் விழும். நிரூபணம் இரண்டு வரிதான். வரம்புக்குட்பட்ட நீளத்தில் எழுதக்கூடிய பிரதிகள் எண்ணிக்கையில் முடிவுள்ளவை. ஆகவே ஏதோ ஒன்று திரும்ப வந்தே தீரும், வந்தபின் அதே பாதைதான். நீளத்துக்கு வரம்பு இல்லையென்றால் மூன்றாவது கதியும் உண்டு. தன் ஒவ்வொரு திருத்தத்தையும் தனக்குள்ளேயே குறித்துவைக்கும் நாளேடு வளர்ந்துகொண்டே போகும்.

கதைக்கு உண்மையான கனம் இந்த இடத்தில்தான் இருக்கிறது. வரம்பில்லாத பிரதியையும் அதன் விதியையும் கொடுத்தால், அது என்றாவது நிலைபெறுமா என்று எல்லா நேர்வுகளிலும் சரியாகச் சொல்லும் பொது வழிமுறை கிடையாது. ஒரு கணிப்பு என்றாவது முடியுமா என்று முன்கூட்டிச் சொல்லும் பொது வழிமுறை இல்லை என்று கணிதவியலாளர் டூரிங் 1936இல் நிறுவியதிலிருந்து இது வந்துவிடும். 'நிலைகுலையும்' என்று உங்கள் ஆய்வாளர் முழங்குவதைவிட, 'நிலைகுலையுமா என்று முன்கூட்டிச் சொல்ல எந்தப் பொது வழியும் இல்லை' என்று அவர் சொன்னால் அதிக அச்சம் தரும். கணிதமும் பிழையாகாது.

மேலே உள்ள வாக்கியங்களைக் கதையில் பயன்படுத்துவதானால், எண்ணும் முறையை அங்கேயே சொல்லிவிடுங்கள். கணினி யூனிகோட் குறிகளை எண்ணும், அதாவது எழுத்தையும் அதன்மேல் வரும் புள்ளியையும் துணைக்குறியையும் தனித்தனியாக. 'வாக்கியத்தில்' என்பது நமக்கு 7 எழுத்து, அதற்கு 13 குறி. 26 என்று சொல்லும் அந்த வரி, இடைவெளியையும் முற்றுப்புள்ளியையும் விட்டுவிட்டால், 42 குறியாகிவிடும்.

மெய்ப்புத் திருத்துபவரிடமும் முன்கூட்டிச் சொல்லிவைக்க வேண்டும். அவர் 'எழுத்துகள்' என்பதை 'எழுத்துக்கள்' என்று மாற்றினால் 26 பொய்யாகிவிடும், வாக்கியத்தில் 27 எழுத்து வந்துவிடும். அந்த வடிவத்தில் 'இருபத்தேழு', 'இருபத்தெட்டு', 'இருபத்தொன்பது' மூன்றில் எதை இட்டாலும் வாக்கியம் உண்மைதான். எதில் போய் நிற்கும் என்பது தொடங்கிய எண்ணைப் பொறுத்தது. இருபதில் தொடங்கினால் 28இல் நிற்கும், இருபத்திரண்டில் தொடங்கினால் 29இல்.