மகள் போர்ப் புகைப்படக்காரர் ஆகப்போகிறாளாம்

பள்ளியின் கடைசி வருடத்தில் இருக்கும் மகளோடு ஒரு தம்பதி என்னிடம் படிப்பு ஆலோசனைக்கு வந்திருந்தார்கள். உட்கார்ந்ததுமே அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "சண்டை நடக்கிற இடத்துக்குப் போய்ப் படம் எடுக்கணுமாம் சார். ராத்திரி முழுக்க யாரோ போட்டோகிராபர்களோட டைரி, கடிதம்னு படிச்சிட்டே இருக்கா." அப்பா ஒன்றும் பேசவில்லை. அவர் கையில் இரண்டு கல்லூரிகளின் விளம்பரப் புத்தகங்கள். ஒன்று கம்ப்யூட்டர் படிப்பு, பெரியப்பாவின் சிபாரிசு. மற்றது வெளிநாட்டில் போட்டோ ஜர்னலிசம், மாமாவுடையது. "ஆசைப்பட்டுட்டா, பெரிய இடத்திலேயே படிக்கட்டும். லோன் போட்டுக்கலாம்" என்றாராம்.

"இந்த வயசில் எல்லாரும் இப்படித்தான், போகப்போகச் சரியாகிவிடும்" என்று நானும் வழக்கம்போல ஆரம்பித்தேன். பாதியில் நிறுத்திவிட்டேன். காரணம், அந்தப் பெண் மடியில் வைத்திருந்த நோட்டு.

கிரிமியப் போரில் 1855இல் ரோஜர் ஃபென்டன் எடுத்த இரண்டு படங்களை அதில் ஒட்டியிருந்தாள். ஒரே பள்ளத்தாக்கு, ஒரே கோணம். ஒன்றில் பீரங்கிக் குண்டுகள் ஓரத்துப் பள்ளத்தில் கிடக்கின்றன. மற்றதில் சாலை மேலும் சிதறிக் கிடக்கின்றன. எது முதலில் எடுத்தது? சரிவில் கிடந்த சில கற்களைச் சிவப்பு மையால் வட்டமிட்டிருந்தாள். சாலையில் குண்டுகள் கிடக்கும் படத்தில் அவை கொஞ்சம் கீழே இறங்கியிருக்கின்றன. யாரோ அங்கே நடந்திருக்கிறார்கள், கற்கள் உருண்டிருக்கின்றன. அப்படியானால் வெறும் சாலைதான் முதல் படம், குண்டுகள் பிறகு வந்தவை. இது ஆய்வாளர்கள் ஏற்கெனவே கண்டு சொன்னதுதான், அவளும் படித்திருக்கிறாள். ஆனாலும் நம்பிவிடாமல் கல் கல்லாகத் தானே பார்த்திருக்கிறாள். கீழே பென்சிலில், "குண்டுகளைச் சாலைக்குக் கொண்டுவந்தது யார்?"

"நீ கடைசியாக எப்போது படம் எடுத்தாய்?" என்று கேட்டேன். ரொம்ப நேரம் யோசித்தாள். "போன மாசம்... பூனையை" என்றாள்.

எனக்குப் புரிந்துவிட்டது. படம் எடுப்பதைவிட எடுத்த படத்தை விசாரிப்பதில்தான் இவளுக்கு ருசி. வீட்டில் ஒருவரும் இதைக் கவனிக்கவில்லை. ஒரு பக்கம் பயம், ஒரு பக்கம் பெருமை. பெண்ணை யார் பார்த்தார்கள்?

பெரியப்பாவுக்குச் சொல்ல அதிகமில்லை. அந்த நோட்டைப் பார்த்தபிறகும் கம்ப்யூட்டர் என்பவரோடு நான் வாதாடப்போவதில்லை. மாமாவின் யோசனைதான் ஆபத்தானது, ஏனென்றால் அது பாசம்போலத் தெரிகிறது.

போர்ப் புகைப்படத்துக்குப் பெரிய பட்டம் கதவு திறப்பதில்லை. புகழ்பெற்ற போர்ப் புகைப்படக்காரர் ராபர்ட் காப்பா பெர்லினில் ஒரு படச் செய்தி நிறுவனத்தின் இருட்டறையில் உதவியாளாகத் தொடங்கியவர். டோனி வக்காரோ சாதாரணக் காலாட்படை வீரர்; 1944இல் ஐரோப்பியப் போர்முனையில், இரவு நேரத்தில் இரும்புத் தொப்பிகளில் ரசாயனத்தை ஊற்றிப் பிலிம் கழுவி, மரக்கிளையில் காயப்போட்டார். இன்று களத்துக்குப் போகிறவர்களில் நிறையப் பேர் மாதச் சம்பளமில்லாத சுதந்திரப் பணியாளர்கள். காப்பீடு, கவசம், முதலுதவிப் பயிற்சி எல்லாம் அவரவர் செலவு. 2011இல் லிபியாவின் மிஸ்ராட்டாவில் புகைப்படக்காரர் டிம் ஹெதரிங்டன் ரத்தம் வடிந்து இறந்தபிறகுதான், அவருடைய நண்பர் ஒருவர் சுதந்திரப் பத்திரிகையாளர்களுக்கு இலவச முதலுதவிப் பயிற்சியே தொடங்கினார். தலைக்கு மேல் கடனோடு அங்கே போகிறவர், திரும்பிவிட வேண்டிய இடத்தில் இன்னும் ஒரு படம் என்று நிற்பார். ஆகவே அந்த லோன் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். இதில் நான் இறங்கிவரமாட்டேன்.

சரி, வேறு என்னதான் வழி? போர்ப்படங்களையும் அவற்றோடு வந்த குறிப்புகளையும் காக்கும் வேலை. புகைப்பட ஆவணக் காப்பாளர் என்று சொன்னால் அப்பாவின் முகத்தில், 'நூலகத்தில் உட்காருகிற வேலையா?' என்ற கேள்வி. உட்காருகிற வேலைதான். ஆனால் என்ன நடக்கிறது என்று கேளுங்கள்.

ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் காப்பா, கெர்டா டாரோ, டேவிட் சீமோர் மூவரும் எடுத்த சுமார் 4,500 நெகட்டிவ்கள் பல பத்தாண்டுகள் காணாமல் போயிருந்தன. மெக்சிகோவில் கிடைத்து, 2007இல் நியூயார்க் வந்து சேர்ந்தன. மூன்று பெட்டிகள். எந்தச் சுருள் யாருடையது என்று ஒவ்வொன்றாகப் பிரித்தார்கள். டாரோ 1937இலேயே போர்முனையில் இறந்துபோனவர். அவருடைய படங்கள் சில அதுவரை காப்பா பெயரில் இருந்தன. ஒரு பெண்ணின் உழைப்பு எழுபது வருடம் கழித்து அவள் பெயருக்குத் திரும்பியது இப்படித்தான்.

குறிப்பு இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு, இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கர்கள் சண்டையிட்ட ஜப்பானியத் தீவான இவோ ஜிமா. 1945 பிப்ரவரி 23இல் கொடி ஏற்றியவர்களை ஜோ ரோசென்தால் படமெடுத்தார், பெயர்களைக் குறித்துக்கொள்ளவில்லை. அந்த அவசரத்தில் யார் கேட்பார்கள்? படத்தில் இருப்பவர்களின் பெயர்களை அமெரிக்க மரைன் படை 2016இல் ஒருமுறை, 2019இல் இன்னொருமுறை திருத்த வேண்டியிருந்தது. இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் ராணுவப் படப்பிரிவினர் பிலிமோடு 'டோப் ஷீட்' என்று ஒரு தாளையும் அனுப்புவார்கள்: தேதி, இடம், யார், என்ன. அந்தக் கையெழுத்தை வாசிக்கத் தெரிந்தவருக்குப் படத்தின் பாதி அதில்தான் இருக்கிறது.

அப்புறம் கையால் செய்கிற வேலை. பழைய பிலிம் பெட்டியைத் திறந்ததும் வினிகர் வாடை வந்தால் அசிட்டேட் பிலிம் சிதையத் தொடங்கிவிட்டது. உள்ளே, அமிலம் பட்டால் நிறம் மாறும் ஒரு சின்னக் காகிதத் துண்டு வைப்பார்கள். நீலம் பச்சையாகி மஞ்சளானால் நிலைமை மோசம், உடனே குளிர் அறைக்கு. அதைவிடப் பழைய நைட்ரேட் பிலிம் தீப்பிடித்தால் லேசில் அணையாது, எரியத் தேவையான ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. பிரிண்டின் பின்னால் மென்மையான பென்சிலில் மட்டும் எழுதலாம், பேனா கூடாது. பெட்டி கலைந்து கிடப்பதாகத் தோன்றினாலும் நம் இஷ்டத்துக்கு அடுக்கிவிடக் கூடாது. அந்த வரிசையே ஒரு சாட்சி. டிஜிட்டல் வந்தபிறகும் தலைவலி தீரவில்லை. தூர தேசத்திலிருந்து வந்தவர் கேமராக் கடிகாரத்தை மாற்ற மறந்திருந்தால், நண்பகல் தாக்குதல் விடியற்காலையில் நடந்ததாகப் பதிவாகியிருக்கும்.

இதற்கு அவள் வேதியியலோ வரலாறோ இளங்கலையில் எடுக்கட்டும். வேதியியல் படித்தால் பிலிமைக் காப்பாற்றுகிற பக்கம், வரலாறு படித்தால் படத்தை அடையாளம் காண்கிற பக்கம். மேலே ஆவணக் காப்பியல் படிக்கலாம். இளங்கலையை வீட்டுக்கு எட்டுகிற செலவில் முடிக்கலாம். பெயர்பெற்ற இடம் வேண்டியதில்லை. அதற்குள் ஏதாவது ஒரு பழைய படச்சேகரிப்பில், சம்பளம் வந்தாலும் வராவிட்டாலும், ஒரு கோடைக்காலம் வேலை பார்த்துவிட வேண்டும். தூசியும் பட்டியலும் ஒத்துவருகிறதா என்று அங்கேதான் தெரியும்.

மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். இடங்கள் குறைவு, பல ஒப்பந்த வேலை, பெரியப்பா சொல்லும் சம்பளம் வராது. இன்னொன்று, நாள் முழுக்கச் சடலங்களின் படத்துக்கு விளக்கம் எழுதுகிறவருக்கும் ராத்திரி தூக்கம் போகும். அம்மா நினைப்பதுபோல முழுக்கப் பத்திரமான வேலை இதுவும் இல்லை.

"அப்ப நான் களத்துக்குப் போகவே முடியாதா?" என்றாள் பெண். இருபத்தைந்து வயதில் உன் காசில், முதலுதவி கற்றுக்கொண்டு போவதானால் நான் தடுக்கமாட்டேன் என்றேன். அம்மா என்னை முறைத்தார்.

அடுத்த சந்திப்புக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறேன். வீட்டில் கிடக்கும் பழைய நெகட்டிவ் கவர் ஒன்றை எடுத்து, ஒரு சுருளுக்கு மட்டும் யார், எங்கே, எப்போது, இதைச் சொன்னது யார் என்று நான்கு கட்டம் போட்டு எழுதிவர வேண்டும். தெரியாத கட்டத்தை ஊகித்து நிரப்பக் கூடாது. போகும்போது அப்பா அந்த இரண்டு விளம்பரப் புத்தகங்களையும் என் மேஜையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டார். மறந்தாரா, வேண்டுமென்றே வைத்தாரா என்று நான் கேட்கவில்லை.